மாட் போட்ட காப்பித் தோட்டம்: ஒரு மடிக்கணினியின் நிகழ்வு ஆய்வு

மார்கழி மாதம், ஏற்காட்டில் காப்பிப் பழம் பறிக்கும் நேரம். சேலம் அஸ்தம்பட்டியில் இருக்கும் என் சிறிய கணினி சர்வீஸ் கடைக்கு நாகலூரில் இருந்து ஒரு தாத்தாவும், கல்லூரியில் இரண்டாம் ஆண்டு படிக்கும் அவர் பேரனும் வந்தார்கள். லீ பஜாரில் மிளகு விலை விசாரிக்க இறங்கிய தாத்தா, வழியில் பேரனுடைய மடிக்கணினியையும் காட்டிவிட்டுப் போகலாம் என்று வந்திருந்தார். பையன் வாய் திறப்பதற்குள் அவரே சொன்னார்.

“என்னமோ மாடு போட்டானாம் தம்பி. அதுல இருந்து பொட்டி நின்னு நின்னு போகுதாம்.”

பையன் தலையில் அடித்துக்கொண்டான். “மாடு இல்ல தாத்தா, மாட்!”

பையன் மாட் போட்ட கணினி விளையாட்டே விவசாயம் பற்றியது, அதில் மாடும் உண்டு. அதனால் தாத்தா சொன்னது முழுத் தப்பில்லை. ஆனால் இந்த வேலையை இவ்வளவு விரிவாக எழுதுவதற்குக் காரணம் வேறு. ஒரே புகாருக்குள் மூன்று தனித்தனிப் பிரச்சினைகள் இருந்தன. அவற்றில் உண்மையிலேயே ஆபத்தானது எதுவோ, அது புகாரிலேயே இல்லை.

விளையாட்டு, ஃபார்மிங் சிமுலேட்டர் 22. சுவிட்சர்லாந்தின் ஜயன்ட்ஸ் சாஃப்ட்வேர் 2021 நவம்பரில் வெளியிட்டது. அடுத்த பதிப்பான 25, 2024 நவம்பரில் வந்துவிட்டது. அதில் நெல்லும் எருமையும் உண்டு. ஆனால் பையனுடைய கணினி பழையது, அதனால் 22-லேயே இருக்கிறான். கோதுமை, மக்காச்சோளம், பருத்தி, கரும்பு, உருளைக்கிழங்கு, திராட்சை, ஆலிவ் என்று அதில் நிறைய விளையும். காப்பி இல்லை, மிளகு இல்லை, நம் ஆத்தூர்ப் பக்கத்துக் குச்சிக்கிழங்கும் இல்லை. சேர்வராயன் மலையில் பிறந்தவனுக்கு இது குறையாகத் தெரியாதா? மாட் தேடிக் கிளம்பிவிட்டான்.

மாட் என்பது விளையாட்டுக்கு வெளியில் இருந்து யாரோ செய்து தரும் கூடுதல் பொருள். ஒரு டிராக்டராக இருக்கலாம், ஒரு கொட்டகையாக இருக்கலாம், ஒரு முழு நிலப்பரப்பாகவும் இருக்கலாம். அந்த நிலப்பரப்பை மேப் என்பார்கள். எதுவானாலும் ஒரே ஒரு ஜிப் ஃபைலாகத்தான் வரும். அதைப் பிரிக்காமல் அப்படியே டாக்குமென்ட்ஸுக்குள் மை கேம்ஸ், அதற்குள் ஃபார்மிங் சிமுலேட்டர் 2022, அதற்குள் மாட்ஸ் என்ற ஃபோல்டரில் போட வேண்டும். நிறுவுதல் என்று தனியாக ஒரு வேலையே கிடையாது. இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வேண்டியிருக்கும்.

பையனிடம் ஒரு மலை மேப் இருந்தது. காப்பிச் செடியோடு யாரோ உருவாக்கியது. நான்கு மாதமாக விளையாடி, பத்து வயல், ஒரு கிடங்கு, கொஞ்சம் கடன் என்று வளர்த்து வைத்திருந்தான். போன வாரம் அந்த மேப்பின் புதுப் பதிப்பைப் போட்டிருக்கிறான். கூடவே வேறு சில மாட்களும். அன்றிலிருந்து சேமித்த ஆட்டத்தைத் திறந்தால் லோடிங் கோடு கடைசி வரை வந்து அப்படியே நின்றுவிடுகிறது. ஒரு தடவை மட்டும் திறந்ததாம், அப்போது காப்பி இருந்த வயலில் என்னவோ புல் நின்றதாம்.

“மொத்தமா எத்தனை மாட் தம்பி?”

“ஒரு அறுபது இருக்குங்கண்ணா.”

எண்ணிப் பார்த்தேன், 63.

முதல் தப்பை நான்தான் செய்தேன். கோளாறு எப்படி இருக்கிறது பார்ப்போம் என்று விளையாட்டைத் திறந்துவிட்டேன். மாட்ஸ் ஃபோல்டருக்கு ஒரு படி மேலே லாக் என்ற பெயரில் ஒரு உரைக் கோப்பு இருக்கும். விளையாட்டு தொடங்கியதில் இருந்து என்னென்ன நடந்தது, எங்கே தடுக்கியது என்பதெல்லாம் அதில் எழுதப்படும். ஆனால் ஒவ்வொரு முறை திறக்கும்போதும் பழையதை அழித்துவிட்டுப் புதிதாக எழுதும். காப்பி இருந்த இடத்தில் புல் வந்த அந்த ஒரு தடவை என்ன நடந்தது என்று சொல்லக்கூடிய லாக், நான் திறந்த நொடியில் போய்விட்டது. இப்படி ஒரு கணினி வந்தால் திறப்பதற்கு முன்பு லாக்கை வேறு இடத்துக்கு நகல் எடுத்துவிட வேண்டும் என்று எனக்குத் தெரியும். தெரிந்தும் கை முந்திக்கொண்டது.

சரி, புது லாக்கையாவது படிப்போம் என்று நோட்பேடில் திறந்தேன். முதல் பாதியில் விளையாட்டு ஒவ்வொரு மாட்டையும் பெயர் சொல்லி வரவேற்கும். பெயருக்குப் பக்கத்தில் ஒரு நீண்ட ஹாஷ் எண்ணும் பதிப்பு எண்ணும் இருக்கும். இருவர் சேர்ந்து விளையாடும்போது “என்கிட்ட இருக்கறதும் உன்கிட்ட இருக்கறதும் ஒரே மாட்தானா” என்று ஒப்பிட அந்த ஹாஷ் உதவும். வரவேற்பு கிடைக்காதவை பிழை என்ற சொல்லோடு வரும். எரர் என்ற சொல்லைத் தேடினால் போதும்.

நான்கு மாட்களுக்குப் பெயரே சரியில்லை என்று வந்திருந்தது. காரணம் எளிது. ஒரே ஃபைலை இரண்டாம் முறை இறக்கினால் பிரவுசர் பெயரின் கடைசியில் அடைப்புக்குறிக்குள் 1 என்று சேர்த்துவிடும். மாட் பெயரில் ஆங்கில எழுத்து, எண், அடிக்கோடு தவிர வேறு எதுவும் வரக்கூடாது, முதல் எழுத்து எண்ணாகவும் இருக்கக்கூடாது. இடைவெளியோ அடைப்புக்குறியோ இருந்தால் விளையாட்டு அந்த மாட்டை ஒதுக்கிவிடும். மூன்று மாட்கள் 2019 பதிப்புக்கானவை. ஒவ்வொரு மாட்டுக்குள்ளும் ஒரு விவரக் கோப்பு உண்டு, மாட்டெஸ்க் என்பார்கள். அந்த மாட் எந்தத் தலைமுறை விளையாட்டுக்கானது என்பதற்கு அதில் ஒரு எண் இருக்கும். எண் பழையதானால் உள்ளே வர முடியாது.

இன்னும் இரண்டுக்கு மாட்டெஸ்க்கே கிடைக்கவில்லை என்று வந்தது. ஜிப்பைத் திறந்து பார்த்தால் மாட்டெஸ்க் உள்ளே பத்திரமாக இருந்தது, ஆனால் ஒரு ஃபோல்டருக்குள் இருந்தது. பையன் எப்போதோ ஜிப்பைப் பிரித்து, ஒரு நிறத்தை மாற்றி, ஃபோல்டரோடு சேர்த்துத் திரும்ப ஜிப் செய்திருக்கிறான். விளையாட்டு ஜிப்பின் முதல் தளத்தில் மட்டும்தான் தேடும், உள் அறைக்குள் போகாது. பிரித்த ஃபோல்டரின் உள்ளே போய், எல்லாவற்றையும் தேர்ந்தெடுத்து ஜிப் செய்தால் சரியாகிவிடும். அப்புறம் ஒன்று, ஜிப்புக்குள் ஐந்து ஜிப்பாக வந்த மூட்டை. அதைப் பிரித்துத்தான் போட வேண்டும் என்று ஃபைல் பெயரிலேயே எழுதியிருந்தது. அவன் பார்க்கவில்லை.

இந்தப் பத்தும் சும்மா கிடந்தவை. விளையாட்டு அவற்றை ஏற்காததால் எந்தத் தொல்லையும் தரவில்லை. லோடிங் நின்றதற்குக் காரணம் லாக்கின் கடைசிப் பத்து வரிகளில் இருந்தது. லுவா பிழை. மாட்டில் நிரல் இருந்தால் அது லுவா மொழியில்தான் எழுதப்பட்டிருக்கும். விளைபொருளைத் தானாக விற்றுத் தரும் ஒரு பழைய மாட், மேப்பில் இருக்கும் ஏதோ ஒன்றைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டிருக்கிறது. புது மேப்பில் அந்தப் பெயரில் ஆளே இல்லை. இல்லாத ஆளிடம் வேலை சொன்னால் நிரல் முட்டி நிற்கும், அது நின்றால் லோடிங்கும் நிற்கும். பிழைக்குக் கீழேயே அந்த மாட்டின் ஃபோல்டர் பாதை வரிவரியாக எழுதியிருந்தது. அதை எடுத்து வெளியில் வைத்ததும் ஆட்டம் திறந்துவிட்டது.

லாக்கைப் படிக்காதவர்கள் பாதிப் பாதியாக எடுத்துப் பார்ப்பார்கள். 63-ல் 31-ஐ நகர்த்தி, திறந்து, மறுபடி பாதி என்று ஆறு முறையில் பிடித்துவிடலாம். நல்ல வழிதான். லாக்கில் எதுவுமே சொல்லாமல் விளையாட்டு விழுந்துவிடும்போது நானும் அதைத்தான் செய்வேன். ஆனால் பெயர் போட்டு எழுதி வைத்திருக்கும்போது எதற்கு அந்த அலைச்சல்?

ஆட்டம் திறந்தது, ஆனால் வயலில் காப்பி இல்லை. பையன் சொன்ன அதே புல். இது இரண்டாவது பிரச்சினை. சேமித்த ஆட்டத்தில் ஒவ்வொரு அங்குல நிலத்திலும் என்ன பயிர் என்பது பெயராகப் பதிவதில்லை, எண்ணாகப் பதிகிறது. மேப்பைச் செய்தவர் புதுப் பதிப்பில் ஒரு பயிரைக் கூடுதலாகச் சேர்த்திருக்கிறார். வரிசை மாறிப்போச்சு. பழைய ஆட்டத்தில் காப்பிக்கு இருந்த எண், புது மேப்பில் வேறு எதற்கோ போய்விட்டது. ரேஷன் கடையில் வரிசை எண் ஒன்று தள்ளிப்போனால் பக்கத்து வீட்டு அரிசி நம் பைக்கு வருகிற மாதிரி. மேப்பைச் செய்கிறவர்கள் “புது ஆட்டம் தொடங்க வேண்டும்” என்று குறிப்பு எழுதுவது இதற்காகத்தான். இந்த மேப்பிலும் அந்தக் குறிப்பு இருந்தது, ஆங்கிலத்தில், மாற்றப் பட்டியலின் நடுவில்.

பையனுக்கு முகம் சுருங்கிப்போனது. ஆனால் விளையாட்டு தானாகவே பழைய நகல்களை வைத்திருக்கும். சேமித்த ஆட்டங்களுக்குப் பக்கத்திலேயே சேவ்கேம் பேக்கப் என்று ஒரு ஃபோல்டர், அதற்குள் தேதியும் நேரமும் போட்ட நகல்கள். மேப் மாற்றிய தேதிக்கு முந்தைய நகல் ஒன்று இருந்தது. இனி வேண்டியது மேப்பின் பழைய பதிப்பு மட்டும். அது டவுன்லோட்ஸ் ஃபோல்டரில் இருக்கலாம் என்றான்.

டவுன்லோட்ஸைத் திறந்த பிறகுதான் நாள் மாறியது.

எந்தக் கணினி வந்தாலும் நான் முதலில் செய்யும் ஒரு வேலை, ஃபைல் பெயரின் வால்களை, அதாவது அது எந்த வகை ஃபைல் என்று சொல்லும் கடைசி எழுத்துகளைக் காட்டச் சொல்வது. விண்டோஸ் வழக்கமாக வாலை மறைத்துத்தான் காட்டும். அன்று அதைத் தாமதமாகச் செய்தேன். வால் தெரிந்ததும் பட்டியலில் ஒன்று துருத்திக்கொண்டு நின்றது. காப்பி பல்ப்பர் என்ற பெயர், பின்னால் ஜிப், அதற்கும் பின்னால் இஎக்ஸ்இ, அதாவது கிளிக் செய்தால் ஓடும் நிரல். படம் ஜிப்புக்கு உரிய படமேதான். அளவு 700 எம்பிக்கு மேல்.

“இது என்ன தம்பி?”

“பல்ப்பர் மாட்ங்கண்ணா. காப்பிப் பழத்தோட தோலை உரிச்சுக் கொட்டைய எடுக்கற மெஷின். தேடுனப்ப ஒரு சைட்ல கிடைச்சது.”

தாத்தா நடுவில் புகுந்தார். “வீட்டுல இருக்கற பல்ப்பரை ஒரு நாள் கழுவித் தந்தது இல்ல. இதுல என்ன பல்ப்பர்?”

கேட்டுக் கேட்டு வாங்கிய விவரம் இது. பாஸ்வேர்ட் போட்ட ஒரு தொகுப்பாக வந்திருக்கிறது. பாஸ்வேர்ட் அந்தப் பக்கத்திலேயே எழுதியிருந்தது. நிறுவுவதற்கு முன் ஆன்டிவைரஸை அணைக்க வேண்டும் என்றும் எழுதியிருந்தது. அணைத்திருக்கிறான். இரண்டு முறை கிளிக் செய்திருக்கிறான். “ஒண்ணுமே நடக்கலைங்கண்ணா. சரி, ஃபைல் கெட்டுப்போச்சு போலன்னு விட்டுட்டேன்.”

ஒன்றும் நடக்கவில்லை என்பதுதான் இதில் மோசமான பதில். மாட்டுக்கு நிறுவுதல் கிடையாது என்று மேலே சொன்னேன் அல்லவா? காசு கொடுத்து விளையாட்டு நிறுவனத்திடமே வாங்கும் கூடுதல் தொகுப்புகளுக்கு நிறுவும் ஃபைல் வரலாம், அது வேறு கணக்கு. யாரோ செய்து இலவசமாகத் தரும் டிராக்டருக்கோ பல்ப்பருக்கோ இஎக்ஸ்இ தேவையே இல்லை. பாஸ்வேர்ட் போடுவது, உள்ளே இருப்பதை ஸ்கேனர்கள் பார்க்கக்கூடாது என்பதற்காக. 700 எம்பி வரை ஊதிப் பெருக்கியதும் அதற்குத்தான். ஒரு ஃபைலைப் பல ஆன்டிவைரஸ்களில் ஒரே நேரத்தில் சோதிக்கும் வைரஸ்டோட்டல் தளத்தில் ஏற்றிப் பார்க்க 650 எம்பிதான் வரம்பு.

வைஃபையைத் துண்டித்தேன். விண்டோஸோடு வரும் ஆன்டிவைரஸான டிஃபெண்டரைத் திறந்தால் எல்லாம் பச்சை, தொல்லை எதுவும் இல்லை என்றது. எனக்கு நம்பிக்கை வரவில்லை. எதையெல்லாம் சோதிக்க வேண்டாம் என்று சொல்லும் விலக்குப் பட்டியலுக்குப் போய்ப் பார்த்தேன். அதில் சி டிரைவ் முழுவதுமே விலக்கில் இருந்தது. வீட்டுக்குக் காவலாளி போட்டு, வீட்டுப் பக்கம் மட்டும் திரும்பாதே என்று சொல்லி வைத்த கதை. பையன் அப்படி எதையும் செய்யவில்லை என்றான், நம்புகிறேன். பச்சை டிக்கைப் பார்த்து அவனைத் திருப்பி அனுப்பியிருந்தால் அன்றைக்கு என் கடைக்குப் பெயர் கெட்டிருக்கும். இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன், லாக்கை நகல் எடுக்க என் கடைப் பென் டிரைவை அதற்கு முன்பே அதில் சொருகியிருந்தேன். அதை எடுத்துத் தனியாக வைத்தேன், பிறகு விண்டோஸ் அல்லாத இன்னொரு இயங்குதளமான உபுண்டுவில் வைத்து முழுதாக அழித்தேன்.

இந்த வகை நிரல்கள் பெரும்பாலும் எதையும் உடைப்பதில்லை, எடுத்துக்கொண்டு போவதுதான் அவற்றின் வேலை. பிரவுசரில் சேமித்த பாஸ்வேர்டுகள், அதைவிட முக்கியமாகக் குக்கீகள். நீங்கள் ஏற்கெனவே உள்ளே வந்தவர் என்று தளத்துக்குச் சொல்லும் சீட்டுதான் குக்கீ. அது வேறொருவன் கைக்குப் போனால் பாஸ்வேர்டும் வேண்டாம், ஓடிபியும் வேண்டாம், நேராக உள்ளே போய்விடலாம். அதனால் பாஸ்வேர்டை மாற்றுவது மட்டும் போதாது. எல்லாச் சாதனங்களில் இருந்தும் வெளியேறு என்பதையும் அழுத்த வேண்டும், அதுவும் வேறொரு கருவியில் இருந்து. பையனின் போனில் உட்கார்ந்து முதலில் மின்னஞ்சல், பிறகு விளையாட்டுக் கணக்கு, சமூக வலைத்தளங்கள், கல்லூரித் தளம் என்று ஒவ்வொன்றாக முடித்தோம். மின்னஞ்சலின் சமீப நுழைவுகளில், அவன் தூங்கிக்கொண்டிருந்த ஒரு விடிகாலையில் தெரியாத ஒரு கருவி உள்ளே வந்திருந்தது. ஆக, சந்தேகமே இல்லை.

அந்தக் கணினியில் அப்பாவின் நெட்பேங்கிங்கை ஒரு முறை திறந்திருக்கிறான். தாத்தா உடனே மகனுக்குப் போன் போட்டார். வங்கியில் சொல்லிப் பாஸ்வேர்டை மாற்றினார்கள். பணம் எதுவும் போகவில்லை. போயிருந்தால் தாமதிக்காமல் சைபர் மோசடிக்கான உதவி எண் 1930-க்கு அழைத்திருக்க வேண்டும்.

டிஃபெண்டரில் கணினியை மறுதொடக்கம் செய்து வெளியில் இருந்து சோதிக்கும் ஆஃப்லைன் ஸ்கேன் என்று ஒன்று உண்டு, கால் மணி நேரம் ஆகும். ஓட்டிப் பார்த்தேன், இரண்டு ஃபைல்களைப் பிடித்தது. இதோடு சரியாகிவிட்டது என்று சிலர் விட்டுவிடுவார்கள். நான் விடுவதில்லை. விலக்குப் பட்டியலையே மாற்ற முடிந்த ஒன்று வேறு எதை மாற்றியது என்று எண்ணிக்கொண்டு உட்கார எனக்கு நேரமில்லை. விண்டோஸை அழித்துப் புதிதாகப் போடுவதே கணக்கு. உபுண்டு லைவ் பென் டிரைவில் கணினியைத் தொடங்கி, சேமித்த ஆட்டமும் பேக்கப் ஃபோல்டரும் கல்லூரிக் கோப்புகளும் மட்டும் எடுத்தேன். வால்களை ஒவ்வொன்றாகப் பார்த்துத்தான் எடுத்தேன். 63 மாட்களில் ஒன்றைக்கூட எடுக்கவில்லை.

அது பையனுக்கு வலித்தது. “நல்ல மாட்களை மட்டும் வச்சுக்கலாமேங்கண்ணா?”

அப்போது தாத்தா சொன்னதைத்தான் நான் இப்போது கடையில் எல்லாரிடமும் சொல்கிறேன். “மிளகுப் பதியன் வாங்கப் போனா இலையப் பார்த்து வாங்குவியா? பையக் கிழிச்சு வேரப் பார்க்க வேண்டாம்? வேர்ல கறுப்பு இருந்துச்சுன்னா அந்தப் பாத்தியே வேண்டாம்னு வந்துருவோம்.”

மறுநாள் மாலை பையன் தனியாக வந்தான். இரண்டு பேரும் உட்கார்ந்து ஒவ்வொன்றாகப் போட்டோம். முதலில் விளையாட்டுக்கு உள்ளேயே இருக்கும் மாட்ஹப்பில் தேடச் சொன்னேன். அங்கே வருபவை ஜயன்ட்ஸ் சோதித்துப் பார்த்தவை, ஒரு கிளிக்கில் சரியான இடத்தில் வந்து உட்காரும். அவன் வைத்திருந்த டிராக்டர்களிலும் கொட்டகைகளிலும் பாதிக்கு மேல் அங்கேயே கிடைத்தன. இத்தனை நாள் வெளியில் தேடியது எதற்கு என்று கேட்டேன். “யூடியூப்ல லிங்க் குடுத்தாங்கண்ணா” என்றான்.

அங்கே இல்லாதவற்றுக்கு மாட்டைச் செய்தவரின் சொந்தப் பக்கம் மட்டும், மறுபதிவு செய்யும் தளங்கள் வேண்டாம் என்று வைத்துக்கொண்டோம். செய்தவரின் பக்கம் என்பதாலேயே கண்ணை மூடிக்கொள்ளவும் முடியாது. 2023 ஜூனில் மைன்கிராஃப்ட் மாட்களில் நடந்தது அதுதான். செய்தவர்களின் கணக்குகளையே பிடித்து, தெரிந்த மாட்களுக்குள் திருட்டு நிரலைச் சேர்த்துவிட்டார்கள். ஆகவே மாட்ஸ் ஃபோல்டருக்குப் போவதற்கு முன் ஒவ்வொரு ஜிப்பையும் திறந்து பார்த்தோம். மாட்டெஸ்க் முதல் தளத்தில் இருக்கிறதா? மற்றவை டிடிஎஸ் படங்கள், ஐ3டி உருவங்கள், ஒலி, லுவா என்று அதற்குள் வரவேண்டியவைதானா? மாட்டெஸ்க்கை நோட்பேடில் திறந்தால் செய்தவர் பெயர், பதிப்பு, அந்த மாட் கூட்டி வரும் லுவா கோப்புகளின் பட்டியல் எல்லாம் தெரியும். சாதாரண டிரெய்லர் ஒன்று பதினோரு லுவா கோப்புகளைக் கூட்டி வந்தது. தப்பு என்று சொல்ல முடியாது, ஆனால் ஒரு டிரெய்லருக்கு எதற்கு என்று தோன்றியது. விட்டுவிட்டோம். ஒன்றைத் திறந்து பார்க்க இரண்டு நிமிடம்கூட ஆகவில்லை.

போட்ட வரிசையும் முக்கியம். முதலில் மேப், பழைய பதிப்பு. திறந்து லாக் பார்த்தோம். அப்புறம் அந்த மேப் கேட்கும் துணை மாட்கள். பிறகு வண்டிகள், ஐந்தைந்தாக. நிரல் உள்ளவை கடைசியில், ஒன்றொன்றாக. ஒவ்வொரு முறையும் லாக்கில் எரர் என்று தேடினோம். தானாக விற்கும் அந்தப் பழைய மாட்டைத் திரும்பப் போடவில்லை, விற்பதை அவனே செய்யட்டும். பிறகு பேக்கப்பில் இருந்த ஆட்டத்தை எடுத்து முதல் இடத்தில் வைத்தோம். திறந்தது. காப்பி நின்றது.

அந்தக் காப்பியைப் பற்றி ஒரு வார்த்தை. விளையாட்டில் ஒரு மாதத்துக்கு எத்தனை நாள் என்று நாமே வைத்துக்கொள்ளலாம், ஒரு நாளாகக்கூட. பையன் ஒன்று என்றுதான் வைத்திருந்தான். நட்ட காப்பி அந்த ஆண்டே பழுத்துவிடுகிறது. மலை மேலே உண்மையான அராபிகா காப்பிச் செடி காய்ப்புக்கு வர மூன்று நான்கு வருடம், அதிலும் மார்ச், ஏப்ரலில் பூமழை சரியாக விழ வேண்டும். இதைக் கேட்டதில் இருந்து தாத்தா அதைப் பொம்மைக் காப்பி என்றுதான் சொல்கிறாராம்.

இப்போது அவனிடம் இருப்பது 22 மாட்கள். போன வாரம் லாக்கை அனுப்பியிருந்தான். எரர் ஒன்றும் இல்லை. எச்சரிக்கை மட்டும் இரண்டு, ஒரு கொட்டகையின் படம் சுருக்கப்படாமல் இருக்கிறது என்று. வேகம் கொஞ்சம் குறையும், வேறு பாதகமில்லை. அதை அப்படியே விடச் சொன்னேன். பல்ப்பர் மாட் இன்னும் கிடைக்கவில்லையாம்.